சாக்குருவிக்குப் பெயர் கிடைத்தது

கரிச்சான் கத்தினால் மணி நாலு. கடிகாரம் வாங்க முடியாதிருந்த காலத்தில் வாலாஜாபாத்தைச் சுற்றியுள்ள நெசவு வீடுகள் விடியலை இப்படித்தான் கணக்கிட்டன. பட்டுப் பாவு நீட்டுவது வெயில் ஏறும் முன் முடிந்தாக வேண்டிய வேலை. தெருவின் நீளத்துக்குப் பாவை இழுத்துக் கட்ட வேண்டும். அறுந்த இழைகளைத் தேடிப் பிடித்து முடிய வேண்டும். கஞ்சி தோய்த்து உலர்த்தி எடுக்க வேண்டும். அதற்குள் சூரியன் சுடத் தொடங்கிவிட்டால் இழை முறுகி அறும். ஆகவே தெருக்காரர்கள் முந்தைய இரவே பேசி வைத்துக்கொண்டு, கருக்கலில் எழுந்து வருவார்கள். எல்லாப் பறவைக்கும் முன்னதாகக் குரல் எடுக்கும் இரட்டைவால் குருவிதான் அவர்களை எழுப்பும். கவலை இறைத்தவர்களுக்கும் ஏற்றம் மிதித்தவர்களுக்கும் அதே குரல்தான் அழைப்பு. திருப்பாவையின் ஏழாம் பாசுரத்தில் வரும் ஆனைச்சாத்தன் இந்தப் பறவைதான் என்று சொல்வோர் உண்டு. பொழுது விடிந்ததைச் சொல்லப் பெரியாழ்வாரின் மகளுக்கும் இதுவே சாட்சியாக இருந்திருக்கலாம்.

இரவில் விழித்திருந்தவர்களே இரவுப் பறவைகளை அறிந்திருந்தார்கள். எங்கள் பக்கத்தில் அப்படி விழித்திருந்தவர்கள் பலர். ஏரி மதகைத் திறந்து மூடும் நீர்க்கட்டி, அறுவடைக் களத்தில் நெல்லுக்குக் காவல் படுத்தவர், வயல் வரப்பில் எலி தேடிப் போன இருளர், கௌதாரியைப் போலவே குரல் எழுப்பி அதை வரவழைக்கத் தெரிந்த நரிக்குறவர், தீபாவளிக்கு முன் நள்ளிரவு வரை நாடா வீசிய நெசவாளி. கேட்பதற்கு இவர்களுக்குக் காரணம் இருந்தது. ஆற்று மணலில் ஆட்காட்டி திடீரென்று கத்தினால் அங்கே ஆளோ நரியோ நடக்கிறது. ஏரிக்குள் கம்புள்கோழி விடாமல் கத்தத் தொடங்கினால் மழைக்காலம் வந்துவிட்டது. பொழுது சாய்ந்ததும் தலைக்கு மேல் ‘வக்... வக்...’ என்று ஒற்றை ஒற்றையாகக் குரல் கொடுத்தபடி போனால் அது வக்கா, இராக்கொக்கு. பகலெல்லாம் மரத்தில் முடங்கிக் கிடந்துவிட்டு, மற்றக் கொக்குகள் அடையும் நேரத்தில் தென்னேரிப் பக்கமோ பாலாற்றுக் குட்டைகளுக்கோ இரை தேடிப் புறப்படுகிறது. தெற்கே வேடந்தாங்கலில் இது கூடு கட்டுவதைப் பார்க்கலாம்.

ஆனால் வீட்டுக்குள் படுத்திருந்தவர்களுக்கு இரவுக்குரல் வேறு ஒன்றாக இருந்தது. ஆந்தை அலறினால் பெண்கள் கன்னத்தில் போட்டுக்கொள்வார்கள். ‘சாக்குருவி கத்துது, உள்ளே வா’ என்று குழந்தையை இழுத்துக் கதவை அடைப்பார்கள். நோயாளி படுத்திருக்கும் வீட்டின் மேல் அந்தக் குரல் கேட்டுவிட்டால் அன்று யாருக்கும் உறக்கம் கிடையாது. சென்னை அருங்காட்சியகத்தின் தலைவராக இருந்த எட்கர் தர்ஸ்டன் 1912இல் வெளியிட்ட தென்னிந்தியச் சகுனங்கள் பற்றிய நூலில் ஆந்தை அலறலுக்கு ஓர் எண்கணக்கே கொடுத்திருக்கிறார். ஓர் அலறல் சாவு. இரண்டு, எடுத்த காரியம் கைகூடும். மூன்று, வீட்டுக்கு மருமகள் வருவாள். நான்கு, கலகம். ஐந்து, பயணம். ஆறு, விருந்தாளி. இப்படி ஒன்பது வரை போகிறது. கருக்கலில் தெருவில் வரும் குடுகுடுப்பைக்காரர் பறவை சொன்னதைத்தான் சொல்கிறார் என்று மக்கள் நம்பினார்கள். எந்தப் பறவை என்று யாரும் கேட்கவில்லை. எத்தனை முறை, எந்தத் திசையில், யார் வீட்டுக்கு நேராக என்பவையே கேள்விகளாக இருந்தன.

அந்தச் சாக்குருவி பெரும்பாலும் கூகை. முகம் இதய வடிவில் வெண்மையாக இருக்கும். அடிவயிறும் வெளுப்பு. பறக்கும்போது இறகோசை கேட்காது. மற்ற ஆந்தைகள் எழுப்பும் கூக்குரல் இதற்குக் கிடையாது. தொண்டை கிழிய ‘ஷ்ர்ர்ரீ’ என்று ஒரே நீள அலறல்தான். நடுச்சாமத்தில் வெள்ளையாக ஒன்று ஓசையில்லாமல் கூரையைக் கடந்து, அடுத்த நொடி அப்படி அலறினால் பயப்படாதவர் யார்? அந்தப் பயத்தை நான் குறைத்துப் பேச மாட்டேன். குஞ்சுகள் பாம்பு சீறுவதுபோல் சீறும். கோபுர மாடங்களிலும் பாழடைந்த மண்டபங்களிலும் அது குடியிருப்பதால், அந்தச் சீறலைக் கேட்டுக் கோயிலுக்குள் நாகம் இருக்கிறது என்று நம்பியவர்களும் இருந்திருப்பார்கள்.

ஆனால் நம் மரபில் இந்தப் பறவையோடு பேசிய வேறு குரலும் இருக்கிறது. நற்றிணையின் 83ஆம் பாடலில் ஒரு தோழி கூகையை அழைத்துக் கெஞ்சுகிறாள். ஊர் வாசலில், நீருண்ணும் துறைக்கு அருகில், தெய்வம் உறையும் பழைய மரத்தில் அது குடியிருக்கிறது. தலைவன் இரவில் வருவதற்கு நாங்கள் காத்திருக்கும்போது அலறி ஊரை எழுப்பிவிடாதே, உனக்கு ஆட்டிறைச்சி கலந்த நெய்ச்சோற்றோடு வெள்ளெலிச் சூட்டும் தருவோம் என்கிறாள். அந்தப் பெண்ணுக்குக் கூகை எங்கே வாழ்கிறது, எதைத் தின்கிறது, அதன் அலறல் எவ்வளவு தூரம் போகும் என்பதெல்லாம் தெரிந்திருக்கிறது. சாவுச் செய்தி கொண்டுவரும் பறவையாக அவள் அதைப் பார்க்கவில்லை. சுமார் இரண்டாயிரம் ஆண்டுக்கு முந்தைய அந்தப் பார்வைதான் இன்றைய பறவை ஆர்வலரின் பார்வைக்கு நெருக்கமாக இருக்கிறது. எனக்கு அது பெரிய ஆறுதல்.

இரவுக்குரலுக்கு உரிய பறவையின் பெயரைச் சேர்க்கும் வேலை அச்சில் நெடுநாள் நடந்தது. சென்னைப் படையில் மருத்துவராக இருந்த ஜெர்டன் 1862 முதல் 1864 வரை வெளியிட்ட இந்தியப் பறவைகள் நூலில் தமிழ், தெலுங்குப் பெயர்களையும் குறித்து வைத்தார். நம் காட்டுப் பக்கி ஒன்று அவர் பெயராலேயே அழைக்கப்படுகிறது. சாலிம் அலியின் புகழ்பெற்ற கையேடு 1941இல் வந்தது. பறவைக் குரலை எழுத்தில் பிடிக்க அவர் எவ்வளவோ முயன்றிருக்கிறார். தமிழில் மா. கிருஷ்ணன் எழுதினார். க. ரத்னம் பெயர்களைத் திரட்டினார். 2013இல் க்ரியா வெளியிட்ட ‘பறவைகள்: அறிமுகக் கையேடு’ என்ற நூலை ப. ஜெகநாதனும் ஆசையும் சேர்ந்து எழுதியபோது, பள்ளிப் பிள்ளைகளின் கையில் வண்ணப் படத்தோடு ஒரு தமிழ்ப் புத்தகம் வந்து சேர்ந்தது. ஆனால் இருட்டில் வண்ணப் படத்தால் என்ன பயன்? பக்கத்தைப் புரட்டி ஒரு குரலைத் தேட முடியாது.

குரலைக் குரலாகவே சேமிப்பது பழைய ஆசை. 1889இல் ஜெர்மனியில் லுட்விக் கோக் என்ற எட்டு வயதுச் சிறுவன் மெழுகு உருளையில் பதிவு செய்த கூண்டுப் பறவையின் பாட்டுதான் கிடைத்திருக்கும் பறவைப் பதிவுகளில் மிகப் பழையது. அந்தப் பறவை சோலைபாடி, நம் மேற்கு மலைக் காடுகளிலும் வாழும் இனம். அங்கிருந்து தொடங்கிய பயணம் 2005இல் நெதர்லாந்தில் சீனோ-கான்டோ என்ற இணையக் களஞ்சியமாகியது. உலகில் யார் வேண்டுமானாலும் பறவைக் குரலைப் பதிவேற்றலாம், யார் வேண்டுமானாலும் கேட்கலாம். 2021இல் அமெரிக்காவின் கார்னெல் பறவையியல் ஆய்வகம் தன் மெர்லின் செயலியில் குரலைக் கேட்டுப் பெயர் சொல்லும் வசதியைச் சேர்த்தது. பிறகு இந்தியப் பறவைகளும் அதில் வந்து சேர்ந்தன.

செயலி கேட்பதும் நாம் கேட்பதும் ஒன்றல்ல. வந்த ஒலியை அது முதலில் படமாக மாற்றுகிறது. இடமிருந்து வலமாக நேரம் ஓடும், கீழிருந்து மேலாகச் சுருதி ஏறும். அந்தப் படத்தில் தெரியும் கோடுகளையும் வளைவுகளையும் ஏற்கெனவே பார்த்த ஆயிரக்கணக்கான படங்களோடு ஒப்பிட்டு, இந்த இடத்தில் இந்த மாதத்தில் இருக்கக்கூடிய பறவை எது என்றும் பார்த்துப் பெயரைக் காட்டுகிறது. பகலில் தோட்டத்தில் நின்று கேட்டால் பெரும்பாலும் சரியாகவே சொல்கிறது. இரவில்தான் தடுமாற்றம். தவளை, சில்வண்டு, பழந்தின்னி வௌவாலின் சண்டை, ஒரகடம் சாலையில் போகும் எம்சாண்ட் லாரி எல்லாம் ஒன்றாகக் கலந்துவிடுகின்றன. செயலி காட்டிய பெயரை அப்படியே எழுதி வைப்பதைவிட, அது ஏன் அந்தப் பெயரைச் சொன்னது என்று காதால் சரிபார்ப்பது நல்லது.

இரவில் அடையாளம் காண்பதற்குச் சுருதியைவிட நடைதான் உதவும். ஒரே குரல் சீரான இடைவெளியில் திரும்பத் திரும்ப வருகிறதா, ஏறிக்கொண்டே போகிறதா, இரண்டு பறவைகள் மாற்றி மாற்றிப் பேசுகின்றனவா, ஒரே இடத்திலிருந்து வருகிறதா, நகர்கிறதா என்று பார்க்க வேண்டும். இந்த நான்கைக் கவனித்தாலே வாலாஜாபாத்தைச் சுற்றிக் கேட்கும் பெரும்பாலான இரவுக்குரல்கள் பிரிந்துவிடும்.

புள்ளி ஆந்தையில் தொடங்கலாம், ஏனென்றால் ஊருக்குள்ளேயே இருக்கிறது. புளிய மரப் பொந்து, பழைய ஓட்டுவீட்டு இடுக்கு, ரயில்வே குடியிருப்பின் மரங்கள் எல்லாம் அதற்கு வீடு. பொழுது சாய்ந்ததும் இரண்டு மூன்றாகச் சேர்ந்து ‘சிர்ர்ர் சிர்ர்ர் சீவக் சீவக்’ என்று சடசடவெனப் பேசித் தீர்க்கும். ஒன்று தொடங்க மற்றது மேல் விழுந்து பேசும். இந்தச் சலசலப்பைக் கேட்டுவிட்டால் வேறெதோடும் குழப்ப முடியாது. இதற்கு எதிர்முனையில் கொம்பன் ஆந்தை. பழைய சீவரம் பக்கத்துப் பாறைக் குன்று, ஓடைச் சரிவு போன்ற இடங்கள் அதற்குப் பிடிக்கும். ஆழமான இரண்டு எழுத்துகள், ‘பூ...போ’. இரண்டாவது நீளும். பிறகு நெடிய மௌனம். குரல் அடங்கியே இருக்கும், ஆனால் கல்லிலிருந்து எழும்பி வெகுதூரம் போகும்.

பக்கி தரையில் உட்கார்ந்து கத்தும். சிமெண்ட் தரையில் விழுந்த பந்து சின்னச் சின்னதாக எகிறி ஓய்வது போன்ற குரல் அதற்கு: ‘சக் சக் சக்-க்ர்ர்ர்’. முதலில் இடைவெளி விட்டு, கடைசியில் நெருக்கி. அது உட்கார்ந்திருக்கும் இடத்தை விளக்கொளியில் கண்டுபிடிக்கலாம், சிவப்பாகக் கண் மின்னும். அக்காக்குயில் மரத்தின் உச்சியிலிருந்து மூன்று எழுத்தாகக் கூவிக் கூவி ஒவ்வொரு முறையும் மேலே ஏறும். தாங்க முடியாத உச்சத்தில் சட்டென நிற்கும், பிறகு அடியிலிருந்து தொடங்கும். கோடை இரவு முழுவதும் கூட இது நடக்கும். சீழ்க்கைச் சிறகிகள் கூட்டமாக ஏரி விட்டு ஏரி போகும்போது ‘சீசிக் சீசிக்’ என்ற விசில் தலைக்கு மேல் நகர்ந்துபோகும். நகரும் விசில் என்றால் அண்ணாந்து பார்க்கலாம், நிலவு இருந்தால் நிழல் தெரியும்.

எனக்கு மிகவும் நெஞ்சுக்கு நெருக்கமானது கண்கிலேடி. பெரிய மஞ்சள் கண், நீண்ட கால், மணலின் நிறம். பகலில் ஆற்று மணலில் உட்கார்ந்துவிட்டால் பக்கத்தில் போனாலும் தெரியாது. இரவில் மட்டும் அது தன்னைக் காட்டிக்கொள்ளும். ‘பிக்-பிக்-பிக்’ என்று தொடங்கி ஏறிக்கொண்டே போய், ‘பிக்-விக், பிக்-விக்’ என்று உடையும். ஒன்று தொடங்கினால் ஆற்றின் மறுகரையில் இன்னொன்று பதில் சொல்லும். பாலாறு என்றாலே தண்ணீர் ஓடாத ஆறு என்று வெளியூரார் நினைப்பார்கள். எங்களுக்கு அது அகன்ற மணல் வெளி. நிலா வெளிச்சத்தில் அந்த மணல்மேல் கிளம்பும் கண்கிலேடியின் குரல்தான் எங்கள் ஆற்றின் ஓசை. அந்த மணலைப் பல ஆண்டுகள் அள்ளினார்கள். பள்ளம் விழுந்த இடத்தில் நாணலும் சீமைக் கருவேலமும் ஏறின. திறந்த மணலை நம்பிக் குடியிருந்து, வெறும் தரையில் முட்டை இடும் பறவைக்கு அங்கே என்ன மிச்சம்? மணல் அள்ளியதைத் தண்ணீர்ப் பிரச்சினையாக எல்லோரும் பேசுகிறோம், பேசத்தான் வேண்டும். அதோடு ஒரு இரவுக்குரலும் போனது என்பதையும் யாராவது எழுதிவைக்க வேண்டும்.

இன்றைய வாலாஜாபாத் இரவுகளில் சில குரல்கள் குறைந்திருக்க, சில கூடியிருக்கின்றன. மயில் இப்போது நள்ளிரவிலும் அகவுகிறது. முன்பு காடு பார்த்துப் போனால்தான் கேட்கும் குரல் வயல்வெளிக்கே வந்துவிட்டது. 2023இல் வெளியான ‘இந்தியப் பறவைகளின் நிலை’ அறிக்கையில் எண்ணிக்கை வேகமாகப் பெருகும் பறவைகளில் மயிலும் குயிலும் இருக்கின்றன. குயிலும் இப்போது விடியலுக்கு வெகுநேரம் முன்பே, தெருவிளக்கு வெளிச்சத்தில், கூவக் கேட்கிறேன். இங்கிலாந்தின் ஷெஃபீல்டு நகரில் ராபின் பறவைகள் ஏன் இரவில் பாடுகின்றன என்று ஆராய்ந்து 2007இல் ஒரு கட்டுரை வந்தது. இரவில் அவை பாடும் இடங்கள் பகலில் மிகுந்த இரைச்சல் உள்ள இடங்கள் என்று அது கண்டது. பகலில் தன் குரல் எடுபடாததால் இரவுக்குப் போயிருக்கிறது அந்தப் பறவை. எங்கள் குயில் அந்தக் காரணத்தால்தான் கூவுகிறதா, எல்இடி விளக்கால் ஏமாறுகிறதா என்பதை யாராவது இளைஞர் பதிவுக்கருவியோடு உட்கார்ந்து ஆராய்ந்தால் நல்லது.

ஊருக்கு வெளியே மனை போட்ட நிலங்களையும் சொல்லியாக வேண்டும். கல் நட்டு, மண் சாலை போட்டு, விற்றும் விற்காமலும் ஆண்டுக்கணக்கில் கிடக்கும் அந்த வெற்றிடங்களில் ஆட்காட்டியும் பக்கியும் குடியேறிவிட்டன. புல் குட்டையாக, நாலா பக்கமும் பார்வை தெளிவாக இருந்தால் அவற்றுக்குப் போதும். பறவைகள் கிடைத்த இடத்தில் ஒதுங்குவது எனக்கு மகிழ்ச்சிதான். ஆனால் அது ஒத்திப்போட்ட வெளியேற்றம். வீடு எழும்பும் நாளில் கூடும் முட்டையும் போய்விடும்.

கூகையின் கதையில் நல்ல செய்தியும் இருக்கிறது. மயிலாடுதுறைக்கு அருகே மன்னம்பந்தல் ஏ.வி.சி. கல்லூரி ஆய்வாளர்கள், கூகை கக்கிப் போடும் உருண்டைகளைச் சேர்த்துப் பிரித்துப் பார்த்து, அதில் வயல் எலிகளின் எலும்புகள் நிறைந்திருப்பதைக் காட்டினார்கள். கண் தெரியாத இருளிலும் கூகை எலியைப் பிடித்துவிடும், அதற்கு அதன் காது போதும். இரண்டு காதுத் துளைகளும் ஒரே உயரத்தில் இல்லாததால், ஒலி எந்த உயரத்திலிருந்து வருகிறது என்பதும் அதற்குத் தெரியும். இதை அறிந்த உழவர்கள் நெல் வயலில் குறுக்குக் கட்டை வைத்த கம்புகளை நட்டு வைக்கிறார்கள். ஆந்தை வந்து உட்கார்ந்து எலி பார்க்கட்டும் என்று. சாவுக்கு அடையாளம் என்று விரட்டப்பட்ட பறவைக்கு உட்காரும் இடம் தருகிறது இந்தத் தலைமுறை. அதே வேளையில், தீபாவளி சமயத்தில் பூசைக்கும் மந்திரத்துக்கும் ஆந்தைகள் பிடித்து விற்கப்படுவதை டிராஃபிக் இந்தியா அமைப்பு 2010இல் வெளியிட்ட அறிக்கையில் ஆவணப்படுத்தியது. வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் 1972 முதல் இருக்கிறது, பிடிப்பது குற்றம். பயம் முற்றிலும் போகவில்லை. பாதி வீடுகளில் இன்னமும் சாக்குருவிதான்.

பொங்கலை ஒட்டி வரும் இரவுகள் இங்கே காது கொடுத்துக் கேட்க மிகச் சிறந்தவை. மழை ஓய்ந்துவிடும், தவளை அடங்கியிருக்கும், வலசை வந்த பறவைகள் ஏரிகளில் இருக்கும். பார்வேட்டைக்காகக் காஞ்சி வரதராஜப் பெருமாள் பொங்கலன்று இரவு புறப்பட்டுப் பழைய சீவரம் போவதும், பிறகு பாலாற்றைத் தாண்டித் திருமுக்கூடல் சேர்வதும் இந்த நாட்களில்தான். 2015 முதல் தமிழகப் பறவை ஆர்வலர்கள் நடத்தும் பொங்கல் பறவைகள் கணக்கெடுப்பும் ஜனவரி 14ஐ ஒட்டியே வருகிறது. விடிய விடிய விழித்திருந்து பெருமாளோடு நடப்பவர்கள், மேளம் ஓயும் இடைவெளியில் ஆற்றுப் பக்கம் திரும்பிக் கேட்டு, எந்தக் குரல், எந்த இடம், என்ன நேரம் என்று எழுதி வைத்தால் அது கணக்கில் சேரும். கரிச்சானின் முதல் குரல் எத்தனை மணிக்கு என்று பாவு நீட்டிய பெரியவர்கள் அனுபவத்தில் வைத்திருந்த தகவல், இப்போது தேதியோடு எழுதப்பட வேண்டும். அவர்களில் பலர் தறியை விட்டு ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் தொழிற்சாலைகளுக்கு இரவு வேலைக்குப் பிள்ளைகளை அனுப்பியவர்கள். அந்தப் பிள்ளைகளும் இரவில் விழித்திருப்பவர்கள்தான், கம்பெனிப் பேருந்துக்குக் காத்திருக்கும் நேரத்தில் கேட்கலாம்.

ஒரு வேண்டுகோள் மட்டும். செல்பேசியில் ஆந்தைக் குரலைப் போட்டு, பதிலுக்கு அது கத்துகிறதா என்று பார்க்கும் வழக்கம் இப்போது பரவிவருகிறது. வேற்று ஆந்தை தன் எல்லைக்குள் நுழைந்துவிட்டது என்று நினைத்து அது கூட்டை விட்டுக் கிளம்பும். புள்ளி ஆந்தையும் கொம்பன் ஆந்தையும் பெரும்பாலும் பனிக்காலம் முடிந்து கோடை தொடங்கும் மாதங்களில் குஞ்சு வளர்க்கின்றன. பொந்தில் குஞ்சு இருக்கும்போது இப்படிக் கிளப்பிவிட்டால் இரை கொண்டுவரும் நேரம் வீணாகிறது, காகமும் பூனையும் பொந்தைக் கண்டுகொள்கின்றன. அதனால் குரலைப் பதிவு செய்யுங்கள், அதற்குத் திருப்பி ஒலிக்க வைக்காதீர்கள்.